அர்ஜென்டினா ஐயாவுக்குப் பாலக்கோட்டில் துக்கம்

குளித்துவிட்டு ஈரத் துண்டோடு வாசலுக்கு வந்தேன். வாசலில் பிளாஸ்டிக் நாற்காலிகள் இறங்கிக்கொண்டிருந்தன.

எங்கள் பக்கம் காலை நேரத்தில் ஒரு வீட்டு முன்னால் நாற்காலி இறங்கினால் ஒன்று நிச்சயதார்த்தம், இல்லையென்றால் யாரோ போய்விட்டார்கள். என் வீட்டில் நிச்சயம் செய்கிற பதத்தில் இருப்பவர் மாடியில் வாடகைக்கு இருக்கும் போஸ்ட்மேன் மட்டும்தான். அவருக்கு என் வீட்டுச் செலவில் யாரும் நாற்காலி போட மாட்டார்கள்.

ஆக, யாரோ போய்விட்டார்கள்.

மாதையன் மாமா செருப்பை வாசலிலேயே விட்டுவிட்டு வந்தார். என் மனைவிக்குச் சித்தப்பா; ஊருக்குத் தக்காளி மண்டிக்காரர். எப்போதும் தெருமுனையிலிருந்தே பேசிக்கொண்டு வருகிறவர், அன்று வாய் திறக்கவில்லை. என் இரண்டு கைகளையும் பிடித்துக்கொண்டு தலையைக் குனிந்து நின்றார்.

யாராக இருக்கும் என்று மனசுக்குள் கணக்கெடுக்க ஆரம்பித்தேன். மனைவி மல்லிகா? உள்ளே கடுகு வெடிக்கிற சத்தம் கேட்டது, இருக்கிறாள். அம்மா அரூரில் தம்பி வீட்டில். முந்தின நாள் சாயங்காலம்கூட தம்பி மனைவியின் ரசத்தைப் பற்றி அரை மணி நேரம் போனில் புகார் சொன்னாள். அந்தத் தெம்பு ஒரே ராத்திரியில் போகாது. தம்பியா? அவனுக்கு ஒன்று என்றால் அம்மா ரசத்தை விட்டுவிட்டு அதைச் சொல்லியிருப்பாளே.

கடைசியில் எனக்கு என் மேலேயே சந்தேகம் வந்தது. துண்டுக்குள் கையை விட்டு மணிக்கட்டைத் தொட்டுப் பார்த்தேன். துடித்தது, தேவைக்கு அதிகமாகவே.

“மனசத் தேத்திக்க மாப்ள,” என்றார் மாமா. “பெரிய மனுசன். அனுபவிச்சுட்டுப் போனாரு. இருந்தாலும் நம்ம ஐயா இல்லியா, தாங்குமா?”

“எந்த ஐயா மாமா?”

மாமா பின்னால் திரும்பி, நாற்காலி இறக்கிக்கொண்டிருந்தவர்களிடம் தணிந்த குரலில் சொன்னார். “பேதலிச்சுப் போயி நிக்கிறாரு. யாரும் கேள்வி கேக்காதீங்கப்பா.”

பிறகு என்னிடம் குழந்தைக்குச் சொல்வதுபோல் சொன்னார்: “பாஸ்கரன் ஐயா தான் கண்ணு. அர்ஜென்டினாவுல.”

கிழவராகப் பிறந்தவர்

இந்தத் தொடரை இடையில் பிடித்த வாசகர்களுக்காக ஒரு வார்த்தை. நான் டப்பிங் குரல். முகம் வேறு யாருக்கோ. தொண்டை மட்டும் எனக்கு. சென்னையில் பல வருஷம் போலீஸ்காரன் நம்பர் டூ, கூட்டத்தில் ஒருவன், குதிரைக்காரனின் மைத்துனன் என்றெல்லாம் பேசிக்கொண்டிருந்த என்னை ஆளாக்கியவர் ஓர் அர்ஜென்டினாக்காரர். அவர் பெயர் பாஸ்குவால். பின்னால் ரயில் பெட்டி மாதிரி இன்னும் சில பெயர்கள் உண்டு. எங்கள் ஊர் அதையெல்லாம் கழற்றிவிட்டுப் பாஸ்கரன் என்று வைத்துக்கொண்டது.

அந்த நாட்டுச் சீரியல் ஒன்று தமிழில் வந்தது. பெரிய பண்ணை, கணக்கில்லாத மாடுகள், அதைவிட அதிகமாகச் சொத்துத் தகராறு. பண்ணைக்காரக் கிழவர் பாஸ்குவால். அவருக்கு ஒரு கனத்த குரல் தேவைப்பட்டது. எனக்கு அன்று ஜலதோஷம். தேர்வாகிவிட்டேன். ஜலதோஷம் சரியான பிறகு அந்தக் குரலை எப்படித் திரும்ப வரவழைப்பது என்று நான் பட்ட பாடு தனிக் கதை. மல்லிகாவைக் கேட்டால் ஐஸ் தண்ணீர்ச் செலவு முதற்கொண்டு சொல்வாள்.

சீரியல் பிடித்துப்போனதும் கம்பெனிக்காரர்கள் அவருடைய பழைய படங்களையும் ஒவ்வொன்றாகத் தோண்டி எடுத்தார்கள். அதனால் என் கணக்கில் பாஸ்குவால் கிழவராகப் பிறந்தார். அடுத்த வருஷம் நடுத்தர வயதுத் தகப்பன். அதற்கடுத்து மீசை கறுத்தது. போன மழைக்காலத்தில் கறுப்பு வெள்ளையில் ஒரு பெண்ணின் ஜன்னலுக்கு அடியில் நின்று காதல் சொன்னார். நான் நாளுக்கு நாள் வழுக்கையாகிக்கொண்டிருக்க, அவர் நாளுக்கு நாள் வாலிபராகிக்கொண்டிருந்தார். இது நியாயமா என்று கேட்க அவருடைய பாஷை எனக்குத் தெரியாது.

உண்மையான வரிசை என்னவென்று மொழிபெயர்ப்பு செய்கிறவர் ஒருமுறை சொன்னார். ஆரம்பத்தில் கறிக்கடையில் எடுபிடி வேலை. முதல் படத்தில் தெருவைத் தாண்டிப் பியானோ தூக்கிப் போகிற நாலு பேரில் ஒருவர். முகம் பியானோவுக்குப் பின்னால். பிறகு காதலன். பிறகு குதிரைமேல் மாடு மேய்க்கிற முரட்டு ஆள். அப்புறம் பட்டாளத்துக்காரர்கள் நாட்டைப் பிடித்துக்கொண்ட காலத்தில் ஊரை விட்டு ஓடி, வெளிநாட்டில் ஒரு கடையில் குடை விற்றாராம். திரும்பி வந்தபோது தலை வெளுத்திருந்தது. காதலனாகப் போனவரை அப்பாவாக வரச் சொன்னார்கள். அப்பா தாத்தாவாகி, மற்றவர்கள் சாய்வு நாற்காலி வாங்குகிற வயதில் இந்தச் சீரியலால் உலகம் முழுக்கத் தெரிந்தவரானார்.

உலகம் முழுக்க என்றால் பாலக்கோடு மண்டி வரைக்கும். ஏலத்துக்காகக் காத்திருக்கிற விவசாயிகள் மண்டி டிவியில் இதைத்தான் பார்ப்பார்கள். ஒரு காட்சியில், எடையில் ஏமாற்றிய புரோக்கரைப் பாஸ்குவால் குதிரைச் சாட்டையோடு மேய்ச்சல் காடு முழுக்கத் துரத்துவார். அன்றிலிருந்து அவர் எங்களுக்கு ஐயா. மாதையன் மாமாகூட, தானே ஒரு கமிஷன் மண்டிக்காரர் என்பதை மறந்து கை தட்டினார்.

வாங்க என்று சொல்லக் கூடாது

வாசலுக்குத் திரும்புவோம். கூட்டம் வந்துகொண்டே இருந்தது.

நான் பழக்கதோஷத்தில் “வாங்க, வாங்க” என்றேன். எல்லோரும் திடுக்கிட்டார்கள். சாவு வீட்டுக்கு வருகிறவர்களை வாங்க என்று கூப்பிடக் கூடாது. ராஜம்மா அத்தை முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டார்.

“பாருங்க, வாங்கன்றான். புத்தி கலங்கிப்போச்சு புள்ளைக்கு.”

துக்கம் கேட்க ஐயாவின் வீட்டுக்குப் போக முடியாது. அது கடலுக்கு அந்தப் பக்கம். ஆனால் ஐயாவின் குரல் இந்தத் தெருவில்தான் குடியிருக்கிறது. குரல் இருக்கிற இடம்தான் வூடு என்று ஊர் முடிவு செய்துவிட்டது. கொள்ளி போட வேண்டிய பிள்ளைக்குக் கொடுக்கிற மரியாதை அத்தனையும் எனக்கு. ஒருவர் என் தோளில் கிடந்த ஈரத் துண்டைப் பார்த்துவிட்டு, “அதுக்குள்ள தலைக்குத் தண்ணி ஊத்திக்கிட்டாரு, பாவம்,” என்றார்.

எனக்கு உண்மையிலேயே அழுகை வந்தது. ஐயா போய்விட்டால் என் தொண்டைக்கு வேலை என்ன? இந்த வயதில் மறுபடியும் போலீஸ்காரன் நம்பர் டூவா? அந்தக் கவலையில் இரண்டு சொட்டு விட்டேன். கூட்டம் அதைப் பார்த்து நிம்மதியடைந்தது.

அப்போதுதான் பாஷா பாய் வந்தார். மெத்தைக் கடைக்காரர். இப்போது வீட்டிலேயே நான் வைத்திருக்கும் ரெக்கார்டிங் அறைச் சுவர் முழுக்கப் பஞ்சு மெத்தை அடித்துக் கொடுத்தவர். அதனால் நான் உள்ளே எத்தனை தடவை செத்துப் பழகியிருக்கிறேன் என்று அறிந்தவர். அவர் கையைப் பிடிக்கவில்லை, போனை நீட்டினார்.

“பஸ் ஸ்டாண்டுல இந்த பிளெக்ஸ் நீங்க வெச்சது தானுங்களே?”

பார்த்தேன். போனை வாங்கிப் பெரிதாக்கி மறுபடியும் பார்த்தேன்.

மீளாத் துயரில் நான்

ஐயாவுக்குப் பிறந்தநாள் வருகிறதென்று நான்தான் பிளெக்ஸுக்குச் சொல்லியிருந்தேன். நல்லெண்ணம்தான். மூலையில் என் படமும் சின்னதாக வரும் என்பது உபரி. தீர்த்தகிரியின் பிளெக்ஸ் கடைக்குப் போனில் ஐயாவின் கறுப்பு வெள்ளைப் படம் ஒன்று, தேதி, கை கூப்பி நிற்கிற என் படம் ஆகியவற்றை அனுப்பி, “நல்லா கிராண்டா பண்ணிடுப்பா” என்று ஒரு வரியும் போட்டிருந்தேன். பிறந்தநாள் என்று எழுதினேனா? அது தனியாக வேறு எழுத வேண்டுமா என்று விட்டுவிட்டேன்.

தீர்த்தகிரி கிராண்டாகத்தான் பண்ணியிருந்தான். இரண்டு பக்கமும் குத்துவிளக்கு. மேலே வெள்ளைப் புறா. ‘தோற்றம்’ என்ற இடம் காலி. ‘மறைவு’ என்ற இடத்தில் நான் அனுப்பிய தேதி. கீழே, ‘மீளாத் துயரில்’ என்று போட்டு, கை கூப்பியபடி நான்.

போன் போட்டேன். தீர்த்தகிரி கொஞ்சமும் அசரவில்லை.

“அண்ணா, பொறந்தநாளுக்கு யாராச்சும் கருப்பு வெள்ள போட்டோ குடுப்பாங்களா? கூடவே உங்க மூஞ்சி வேற. அதப் பாத்தா வாழ்த்தற மூஞ்சி மாதிரியா இருக்குது?”

என் படத்தை இன்னொரு தரம் பார்த்தேன். அவன் சொன்னதில் தப்பில்லை.

ஒரு விஷயத்தை மறைக்காமல் சொல்கிறேன். பிளெக்ஸ் கொடுத்தவனே நான். அது தப்பு என்று தெரிந்தவனும் நான். அப்படியிருந்தும் அதில் ‘மறைவு’ என்று பெரிய எழுத்தில் பார்த்ததும், ஒருவேளை நிஜமாகவே போயிருப்பாரோ, தீர்த்தகிரிக்கு எனக்கு முன்னால் தகவல் வந்திருக்குமோ என்று ஒரு நிமிஷம் நம்பினேன். அச்சில் வந்ததை நம்பியே வளர்ந்த தலைமுறை.

நாற்காலிமேல் ஏறி நின்றேன். “எல்லாரும் கேளுங்க. ஐயா சாகலை. உசுரோட இருக்காரு. பிளெக்ஸ் தப்பா அடிச்சுட்டாங்க.”

மாதையன் மாமா கண்ணைத் துடைத்துக்கொண்டார். “அப்பிடித்தான் இருக்கும் மாப்ள. எங்கப்பன் போனப்ப நானும் இதையேதான் சொன்னேன். மூக்குல கை வெச்சுப் பாருங்க, மூச்சு வருதுன்னேன். எறங்கு கண்ணு, விழுந்துடப் போற.”

மெதுவாகப் பிடித்து இறக்கினார்கள். ராஜம்மா அத்தை சொம்பில் மோர் கொடுத்தார். நான் சாகலை சாகலை என்று சொல்லச் சொல்ல, அழாமல் இருந்தவர்களும் அழ ஆரம்பித்தார்கள்.

எப்ப எடுக்கறாங்க?

இது இத்தோடு போயிருந்தால் மோரைக் குடித்துவிட்டு உட்கார்ந்திருப்பேன். மாமா ஒன்று கேட்டார்.

“எப்ப எடுக்கறாங்க மாப்ள?”

“எதை மாமா?”

“ஐயாவத்தான். மண்டில காத்துக் கெடக்கறாங்க இல்ல.”

அந்த மண்டியில் ஒரு வழக்கம். தங்களவர் ஒருவர் போய்விட்டால், எடுக்கிற வரைக்கும் ஏலம் கூறுவதில்லை. உள்ளூர்ச் சாவு என்றால் ஒன்றும் கஷ்டமில்லை. மத்தியானம் எடுத்துவிட்டால் சாயங்காலம் ஏலம். ஐயாவைத் தங்களவர் என்று மண்டி தீர்மானித்துவிட்டது. அவரை அர்ஜென்டினாவில் எத்தனை மணிக்கு எடுப்பார்கள் என்று நான் சொன்னால்தான் பாலக்கோட்டில் தக்காளி விற்கும்.

தெருமுனை வரை எட்டிப் பார்த்தேன். மண்டி வாசலில் டிராக்டர்கள் வரிசையாக நின்றன. தக்காளிக் கூடைகள் வெயிலில். மாரண்டஹள்ளி பக்கத்திலிருந்து வந்த ஒரு பெண்மணி தன் சேலைத் தலைப்பை நனைத்துக் கூடைமேல் போர்த்திக்கொண்டிருந்தார். அவர் என்னைப் பார்த்ததும் எழுந்து நின்றார்.

“அண்ணா, ஐயாவுக்கு நடந்தது கஷ்டந்தானுங்க. நான் இல்லைன்னு சொல்லல. ஆனா நேத்தே பழுத்த பழம். மத்தியானம் தாண்டுச்சுன்னா தண்ணி வுட்டுரும். ரோட்டுல தான் கொட்டிட்டுப் போவணும். அவங்க வூட்டுல கொஞ்சம் வெரசா எடுக்கச் சொல்லுங்களேன்.”

சிரிப்பு வரவில்லை. அந்தக் கூடையில் அந்தம்மாவின் இரண்டு மாத உழைப்பு இருந்தது. என் கைகூப்பிய படத்துக்காக அது ரோட்டுக்குப் போகப் போகிறது. ஒரு பொய் நேரத்தைச் சொல்லி, ‘எடுத்தாச்சு’ என்று முடித்துவிடலாமா என்றும் நினைத்தேன். உயிரோடு இருக்கிற மனுஷனைப் பாலக்கோட்டில் அடக்கம் செய்துவிட்டு, நாளைக்கு எந்த நாக்கால் அவருக்கு வசனம் பேசுவேன்?

பாஷா பாய் என் பக்கத்தில் வந்து நின்றார். “உசுரோட இருக்கறவர உசுரோட காட்டிடுங்க. வேற வழி இல்லீங்க.”

குழாயில் குடித்தவர்

சென்னை ஸ்டூடியோவில் கீதா என்று ஒரு பெண் எல்லா ஏற்பாடுகளையும் பார்க்கிறாள். அவளிடம் கத்தினேன். அவள் அர்ஜென்டினாவில் யாரிடமோ கத்தினாள். அந்த ஊரில் நள்ளிரவு தாண்டியிருந்தது. நல்லவேளை, அர்ஜென்டினாக்காரர்கள் ராத்திரிச் சாப்பாட்டை முடிப்பதே கோழி கூவத் தயாராகும் நேரத்தில்தானாம். ஐயாவின் பேத்தி போனை எடுத்தாள். ஆங்கிலம் தெரிந்த பெண். விஷயத்தைச் சொன்னேன்: உங்கள் தாத்தா இங்கே இறந்துவிட்டார், அதனால் தக்காளி விற்கவில்லை. அவள் அதை இன்னொரு தரம் சொல்லச் சொன்னாள். பிறகு, “தாத்தாவையே கூப்பிடுகிறேன்” என்றாள்.

பாஷா பாய் எங்கள் வீட்டு டிவியை வாசலுக்குத் தூக்கி வந்து போனை அதில் இணைத்தார். மண்டியிலிருந்து ஏல மைக்கும் ஒலிபெருக்கியும் வந்தன. ஊர் முழுக்க டிவி முன்னால் உட்கார்ந்தது.

திரை வெளுத்தது. பாஸ்குவால் வந்தார்.

இத்தனை வருஷத்தில் நடிக்காத பாஸ்குவாலை நான் பார்த்ததே இல்லை. கசங்கிய ராத்திரிச் சட்டை. தலைமுடி ஒரு பக்கமாக எழும்பி நின்றது. கையில் சுரைக்குடுக்கை மாதிரி ஒன்று. அதில் செருகியிருந்த இரும்புக் குழாயால் எதையோ உறிஞ்சிக்கொண்டிருந்தார். அவர்கள் நாட்டு மூலிகை டீ. நம் காப்பி மாதிரி.

“டியூபுல தான் ஆகாரம் போவுது,” என்று ஒருவர் மெல்லச் சொன்னார்.

ஐயா குழாயை எடுத்துவிட்டு, கை ஆட்டிப் பேசினார். ஸ்பானிஷ். குரல் மெல்லியது, கீச்சென்று, எங்கள் பஞ்சாயத்துக் குழாயைத் திறக்கும்போது வருமே அந்த மாதிரி. எனக்கே தூக்கிவாரிப் போட்டது. இத்தனை வருஷத்தை இந்தக் குரலுக்குப் பதிலாகக் கனைத்தே கழித்திருக்கிறேன்.

மாமா எழுந்துவிட்டார்.

“இது ஐயா இல்ல.”

“மாமா, முகத்தைப் பாருங்க.”

“மூஞ்சி அவருது தான். குரல் அவருது இல்லையே. இப்பல்லாம் செத்தவங்கள கம்ப்யூட்டருல பேச வெக்கறாங்க. ஏஐ. போன வாரந்தான் எம் மவன் காட்டுனான்.”

“ஆமாமா,” என்றார் அத்தை. “ஐயா இப்பிடிக் கோழிக்குஞ்சு மாதிரி கத்துவாரா? யாரையோ புடிச்சு ஏமாத்தறாங்க. படுபாவிங்க, செத்தவர வெச்சு வெளையாடறாங்க.”

உண்மையான பாஸ்குவால் உண்மையான குரலில் தான் உயிரோடிருப்பதைச் சொல்லிக்கொண்டிருந்தார். ஒருவரும் நம்பவில்லை.

கூட்டத்துக்குப் பின்னால் போய் நின்று மைக்கை எடுத்தேன். குரலைத் தாழ்த்தி, தொண்டையைக் கனைத்து, அவர் உதடு அசைய அசைய ஆரம்பித்தேன்.

“என் மக்களே. எதற்கு இந்தக் கண்ணீர்? நான் எங்கும் போகவில்லை.”

கூட்டம் சட்டென்று அடங்கியது. மாமா பொத்தென்று நாற்காலியில் உட்கார்ந்தார். “ஐயா,” என்றார்.

பாஸ்குவாலும் நிறுத்திவிட்டார். அவர் வாய் மூடியிருக்க, என் குரல் மட்டும் ஒலிபெருக்கியில் போய்க்கொண்டிருந்தது. எந்த டப்பிங்காரனுக்கும் வரக் கூடாத கெட்ட கனவு அது. நான் நிறுத்தினால் ஏஐ. நிறுத்தாவிட்டால் பேய்.

பேத்தி அவர் காதில் ஏதோ சொன்னாள். அவர் தலையைச் சாய்த்து என் குரலைக் கேட்டார். குடுக்கையைக் கீழே வைத்தார். எழும்பி நின்ற முடியைத் தடவிவிட்டுக்கொண்டார். முதுகு நிமிர்ந்தது. கண்ணில் அந்தப் பண்ணைக்காரர் வந்து உட்கார்ந்தார்.

பிறகு சத்தம் வராமல் வாயை மட்டும் அசைக்க ஆரம்பித்தார்.

எத்தனையோ வருஷமாக நான் அவர் உதட்டைத் துரத்திக்கொண்டு ஓடியவன். அன்று அவர் என் குரலைத் துரத்திக்கொண்டு வந்தார். நான் நீட்டினால் நீட்டினார். நான் மூச்சு வாங்கினால் வாங்கினார். கோபமாக ஒரு வரி சொன்னேன். புருவம் சரியாக அந்த இடத்தில் ஏறியது. ஒரு தமிழ் எழுத்தும் தெரியாத மனுஷர் ‘ழ’வுக்குக்கூட வாயை எப்படியோ வளைத்துக் காட்டினார்.

அத்தைக்குத் தைரியம் வந்துவிட்டது. “ஐயா, அந்த ரெண்டாவது சம்சாரத்த ஏனுங்க ஊட்ட வுட்டு அனுப்பிச்சீங்க? நல்ல பொண்ணுங்க.”

சீரியல் கதை. ஐயாவும் நானும் ஒரே நேரத்தில் விழித்தோம்.

“அதை நினைத்து நான் வருந்தாத நாளில்லை அம்மா,” என்றேன். அவர் நெஞ்சில் கை வைத்துக்கொண்டார். அத்தை மன்னித்துவிட்டார்.

மாமா கை கூப்பினார். “மண்டிய என்னாங்கய்யா பண்றது?”

நான் மூச்சை இழுத்தேன். அவரும் இழுத்தார். “பழம் வெயிலில் கிடக்கிறது, மாதையா. இங்கே என்ன செய்கிறாய்? போய் ஏலத்தைக் கூறு. எடை சரியாக இருக்கட்டும்.”

அவர் விரலை நீட்டினார், நேராக மாமாவைப் பார்த்து. மாமா செருப்பைக்கூட ஒழுங்காகப் போடாமல் ஓடினார். பின்னாலேயே ஊர் ஓடியது. அந்த மாரண்டஹள்ளிப் பெண்மணி ஈரத் தலைப்பைப் பிழிந்துகொண்டே ஓடுவதைப் பார்த்தேன். கொஞ்ச நேரத்தில் மண்டி ஒலிபெருக்கி இல்லாமலேயே ஏலக் குரல் கேட்டது. மைக் என் கையில் இருந்தது.

வாசலில் காலி நாற்காலிகள். டிவியில் அவர். எதிரில் நான். பேச இருவருக்கும் பாஷை இல்லை. அவர் பேத்தியிடம் ஏதோ கேட்டார். அவள் சிரித்துக்கொண்டே ஆங்கிலத்தில் சொன்னாள்:

“தாத்தா தெரிந்துகொள்ள ஆசைப்படுகிறார். தான் அந்த ஜனங்களிடம் என்ன சொன்னார் என்று.”

“தக்காளியை விற்கச் சொன்னார்,” என்றேன். “எடையில் ஏமாற்ற வேண்டாம் என்றும் சொன்னார்.”

அவள் மொழிபெயர்த்தாள். பாஸ்குவால் குடுக்கையை எடுத்து, குழாயை வாயில் வைத்து, நிதானமாக உறிஞ்சி யோசித்தார். பிறகு தலையை ஆட்டிப் பேத்தியிடம் ஏதோ சொன்னார்.

“நான் சரியாகத்தான் சொல்லியிருக்கிறேன்” என்றாராம்.